“கேட்க ஆள் இல்லை” என்கிறோமே: பதில் சொல்லும் கடமை பற்றி ஓர் எளிய விளக்கம்

சாக்கடை அடைத்துக்கொண்டாலும், ரேஷன் கடையில் எடை குறைந்தாலும், போட்ட சாலை மூன்றே மாதத்தில் பெயர்ந்தாலும் சேலத்தில் நாம் சொல்வது ஒன்றைத்தான்: “கேட்க ஆள் இல்லை.” எல்லோரும் ஒரே வாக்கியத்தைச் சொன்னாலும் ஒவ்வொருவர் மனத்திலும் ஒவ்வொரு ‘ஆள்’ இருக்கிறார். ஒருவருக்கு அது கண்டிப்பான கலெக்டர்; இன்னொருவருக்குக் கை சுத்தமான தலைவர்; மூன்றாமவருக்கு அடுத்த தேர்தல். கண்டிப்பான அதிகாரி ஒருநாள் மாற்றலாகிப் போவார். கை சுத்தமான தலைவருக்குக் கீழேயும் எடை குறையும். தேர்தல் ஐந்தாண்டுக்கு ஒருமுறைதான் வரும். இடையில் வரும் ஒரு சாதாரணச் செவ்வாய்க்கிழமையில் குறைந்துபோன எடைக்கு யார், யாரிடம், எதைக் காட்டிப் பதில் சொல்ல வேண்டும் என்ற கேள்விக்கு இந்த மூன்று ஆட்களிடமும் விடை இல்லை.

அந்த விடையைத்தான் நிர்வாகத் தமிழில் ‘பொறுப்புடைமை’ என்கிறார்கள். இலங்கைத் தமிழர் ‘பொறுப்புக்கூறல்’ என்கிறார்கள்; என் காதுக்கு அதுவே இன்னும் சரியாகப் படுகிறது, ஏனென்றால் கூறுதல் என்ற செயல் அந்தச் சொல்லிலேயே இருக்கிறது. இந்தக் கட்டுரையில் ‘பதில் சொல்லும் கடமை’ என்று எளிமையாக வைத்துக்கொள்வோம்.

பண்டிகைக் கணக்கு

ஆடி மாதத்தில் சேலத்துக்கு வருகிறவர்கள் கோட்டை மாரியம்மன் கோயிலையும், பேட்டைக்குப் பேட்டை நடக்கும் மாரியம்மன் பண்டிகைகளையும் பார்ப்பார்கள். பண்டிகை முடிந்த சில நாட்களில், மேளமும் கூட்டமும் இல்லாத ஒரு சாயங்காலம், கோயில் மண்டபத்தில் நடக்கும் இன்னொரு நிகழ்ச்சியை வெளியூர்க்காரர்கள் பார்ப்பதில்லை. பண்டிகைக் குழுவினர் ஒரு நீளமான நோட்டையும் ரசீதுக் கட்டையும் எடுத்துக்கொண்டு பாயில் உட்கார்ந்து, தலைக்கட்டு வரியாக, அதாவது குடும்பத்துக்கு இவ்வளவு என்று வசூலான தொகை எவ்வளவு, பந்தலுக்கு எவ்வளவு, பூவுக்கு எவ்வளவு, வாண வேடிக்கைக்கு எவ்வளவு என்று வரிசையாக வாசிப்பார்கள். பாதிப் பேர் கேட்பதுபோல் உட்கார்ந்திருப்பார்கள். மீதிப் பேர் பொங்கல் எப்போது வரும் என்று பார்த்துக்கொண்டிருப்பார்கள். அப்போது தூணோரம் சாய்ந்திருக்கும் ஒருவர், “ஜெனரேட்டர் வாடகை ரெண்டு நாளைக்குங்களா, மூணு நாளைக்குங்களா மாமா?” என்பார். மண்டபம் சட்டென்று அமைதியாகிவிடும். கணக்கு வாசித்தவர் ரசீதைப் புரட்டி எடுத்துக் காட்டியாக வேண்டும்.

அந்த ஒரு நிமிடத்துக்குள் நமக்குத் தேவையான எல்லா உறுப்புகளும் இருக்கின்றன. கேட்டவர் வரி கொடுத்தவர், ஆகவே கேட்கும் உரிமை அவருக்கு உண்டு. அதற்காக அவர் பெரிய மனிதராக இருக்க வேண்டியதில்லை. குழுவினர் வாய்வார்த்தையாகச் சொன்னதைச் சரிபார்க்க ரசீது இருக்கிறது. கணக்கு உதைத்தால் துண்டு விழுந்த தொகையைக் குழுவினர் தம் கையிலிருந்து போட வேண்டும் அல்லது அடுத்த ஆண்டு நோட்டு வேறொருவர் கைக்குப் போகும். இந்த மூன்றில் ஒன்றை மட்டும் எடுத்துவிட்டுப் பாருங்கள். ரசீது இல்லையென்றால் கேள்வி வெறும் சண்டையாக முடியும். விளைவு இல்லையென்றால் பதில் வெறும் பேச்சாக முடியும். கேட்பவரே இல்லையென்றால், ரசீதுகள் பத்திரமாகக் கட்டிவைக்கப்பட்டுக் கறையான் அரிக்கும்.

பொறுப்பு வேறு, பதில் சொல்வது வேறு

ஏற்காட்டு மலைப்பாதையில் இருபது கொண்டை ஊசி வளைவுகள் உண்டு. பேருந்தை அந்த இருபதையும் தாண்டிப் பத்திரமாக ஏற்றி இறக்குவது ஓட்டுநரின் பொறுப்பு. ஒப்படைக்கப்பட்ட வேலையைச் செய்வதற்குப் பெயர் பொறுப்பு. ஏதாவது ஒரு வளைவில் வண்டி உரசிவிட்டால், ஏன் உரசியது, பிரேக் சரியாக இருந்ததா, முந்தின நாள் டிப்போவில் அதைப் பற்றி எழுதிக்கொடுத்தாரா என்று மேலாளர் முன் நின்று விளக்குவதுதான் பதில் சொல்லும் கடமை. முதலாவது வேலை நடக்கும்போது இருப்பது. இரண்டாவது, வேலையைப் பற்றி இன்னொருவர் கேட்கும்போது வருவது. பொறுப்பாக வேலை செய்யும் ஒருவர் யாருக்கும் பதில் சொல்லாமலே இருந்துவிடலாம்; அவர் இருக்கும்வரை ஒரு குறையும் தெரியாது. அவருக்குப் பின் வருகிறவரும் அப்படியே இருப்பார் என்பதற்கு மட்டும் உத்தரவாதம் கிடையாது.

இந்த உதாரணத்தில் இன்னொன்றும் இருக்கிறது. வண்டி உரசினால் உயிர் பதறுவது பயணிகளுக்கு. ஆனால் ஓட்டுநர் பதில் சொல்வது டிப்போவுக்கு. பாதிக்கப்படுகிறவர் ஒருவர், கேட்கும் அதிகாரம் உள்ளவர் வேறொருவர். ஜனநாயகத்தில் வரும் சிக்கல்களில் பெரும்பகுதி இந்த இடைவெளியிலிருந்துதான் வருகிறது. அதைக் குறைப்பதற்காகவே கூட்டுறவுச் சங்கம், கிராம சபை, சட்டமன்றம் என்று பல அமைப்புகளை உண்டாக்கி, பாதிக்கப்படுகிறவரைக் கேட்பவராக்கப் பார்க்கிறோம்.

இதுவரை சொன்னதைத் தொகுத்துக்கொள்வோம். பதில் சொல்லும் கடமை நடைமுறையில் இருக்கிறது என்று சொல்ல மூன்று வேண்டும்: கேட்கும் உரிமையுள்ள ஒருவர், சொல்லும் பதிலைச் சரிபார்க்க ஒரு கணக்கு, பதில் சரியில்லாதபோது ஒரு விளைவு. இந்த மூன்றும் பதில் சொல்ல வேண்டியவரின் கைக்குள்ளேயே இருந்துவிடக்கூடாது என்பதை நான்காவதாகச் சேர்த்துக்கொள்ள வேண்டும். கேள்வியை யார் கேட்கலாம் என்று அவரே முடிவு செய்து, கணக்கை அவரே பூட்டி வைத்து, தண்டனையையும் அவரே தீர்மானித்தால், சடங்கு ஒழுங்காக நடக்கும். கேட்டது ஒன்றும் கிடைக்காது. இனி எந்த அமைப்பைப் பார்த்தாலும் இந்த நான்காவது விதியை உரைகல்லாக வைத்துக்கொள்ளலாம்.

பால் சொசைட்டியில் விடியற்காலை

சேலத்தைச் சுற்றியுள்ள கிராமங்களில் விடிவதற்கு முன்பே பால் சொசைட்டி வாசலில் கேன்களும் தூக்குகளும் வரிசையில் நிற்கும். பாலை அளந்து ஊற்றி, அதில் சிறிது எடுத்து மிஷினில் வைத்தால், கொழுப்பும் எஸ்.என்.எஃப் எனப்படும் இதரச் சத்தும் எண்ணாக வரும். லிட்டருக்கு எத்தனை ரூபாய் என்பது அந்த எண்ணைப் பொறுத்தது. ஓர் அம்மா தன் அட்டையைப் பார்த்துவிட்டு, “ஏன் தம்பி, நேத்து நாலு இருந்துச்சு, இன்னிக்கு மூணரை போட்டிருக்க? அதே மாடு, அதே தீவனந்தான?” என்பார். “மிஷின் காட்டறதத்தான் எழுதறேன் அக்கா” என்று பதில் வரும். பின்னால் வரிசை நகரச் சொல்லும். அவர் தூக்கை எடுத்துக்கொண்டு போய்விடுவார்.

சட்டப்படி பார்த்தால் அந்தச் சங்கத்தின் சொந்தக்காரர்களில் அந்த அம்மாவும் ஒருவர். அவர் பங்குத் தொகை கட்டிய உறுப்பினர். நூறு லிட்டர் ஊற்றுகிறவருக்கும் மூன்று லிட்டர் ஊற்றுகிறவருக்கும் ஆளுக்கு ஒரே ஓட்டுதான்; கூட்டுறவுக்கும் கம்பெனிக்கும் உள்ள அடிப்படை வேறுபாடே அதுதான், கம்பெனியில் பங்குக்குத்தான் ஓட்டு, ஆளுக்கு இல்லை. உறுப்பினர்கள் எல்லோரும் கூடும் கூட்டத்துக்குப் பேரவை என்று பெயர்; கிராமத்தில் மகாசபை என்பார்கள். அது தேர்ந்தெடுக்கும் நிர்வாகக் குழுதான் சங்கத்தை நடத்துகிறது; செயலாளரும் பால் பரிசோதிப்பவரும் அந்தக் குழுவின் கீழ் வேலை செய்கிறவர்கள். ஆகவே ஏட்டின்படி, மிஷின் முன்னால் உட்கார்ந்திருக்கும் தம்பி அந்த அம்மாவுக்குத்தான் பதில் சொல்ல வேண்டும்.

அப்படியிருந்தும் அவர் ஏன் பேசாமல் போகிறார்? அவர் அறியாதவர் என்றோ, கூச்சப்படுகிறார் என்றோ நினைத்தால் தவறு. நாளைக் காலையும் அதே பாலை அதே தம்பியிடம்தான் ஊற்ற வேண்டும். கேட்பவரின் பிழைப்பு பதில் சொல்கிறவரின் கையில் இருக்கும்போது, கேட்கும் உரிமை அட்டையில் அச்சாகி இருந்தாலும் வாயில் வராது. பதில் சொல்லும் கடமை உடைந்துபோகும் இடங்களில் பெரும்பாலானவற்றை நான் பார்த்தவரை, அங்கே விதிகள் இல்லாமல் இல்லை. கேட்பவர் பதில் சொல்பவரை நம்பிப் பிழைக்கும் நிலையில் இருக்கிறார்.

இதை அறிந்துதான் கூட்டுறவுச் சட்டம் கேட்கும் வேலையை அந்த அம்மாவின் தலையில் மட்டும் வைக்கவில்லை. 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தில் சங்கத்துக்கு வெளியே இருந்து வந்து கேட்பவர்கள் இருக்கிறார்கள். முதலாமவர் தணிக்கையாளர். தணிக்கை என்பது கணக்கை எழுதாத ஒருவர் அதைச் சரிபார்ப்பது. வரையறை அவ்வளவுதான், ஆனால் ‘எழுதாத ஒருவர்’ என்ற இரண்டு சொற்களில்தான் அதன் உயிர் இருக்கிறது. அடுத்தவர் கூட்டுறவுப் பதிவாளரின் அதிகாரம் பெற்ற அலுவலர். பால் சங்கங்களுக்குத் துணைப் பதிவாளர் பால்வளம் என்று தனியாக இருக்கிறார். அவர் 81-ஆம் பிரிவின்படி விசாரணை நடத்தலாம், இழப்பு தெரியவந்தால் 87-ஆம் பிரிவின்படி அதற்குக் காரணமானவரிடமிருந்தே வசூலிக்க உத்தரவிடலாம். இந்த வசூலுக்குத் தண்டத்தீர்வை என்று பெயர். கூட்டுறவு வட்டாரத்தில் “அந்தச் சங்கத்துக்கு எண்பத்தொண்ணு போட்டாச்சு” என்றாலே எல்லோருக்கும் புரிந்துவிடும்.

இதிலும் ஒரு சங்கடம் உண்டு. வெளியிலிருந்து வந்து கேட்பவரின் கை மிகவும் ஓங்கினால், உறுப்பினர்கள் தங்கள் சங்கத்தையே அரசு அலுவலகம் என்று நினைக்கத் தொடங்கிவிடுகிறார்கள். தேர்ந்தெடுத்த குழு இல்லாத காலத்தில் தனி அலுவலர் சங்கத்தை நடத்துவார். அவர் பதில் சொல்வது மேலே இருக்கும் அலுவலகத்துக்கு. சேலத்து ஜவ்வரிசி ஆலைக்காரர்களுக்காக 1981-இல் உருவான சேகோசர்வ் போன்ற பெரிய சங்கங்களிலும் நிர்வாக இயக்குநர் நாற்காலியில் அரசு அதிகாரியே அமர்கிறார். நிதி பெரிதாக இருக்கும் இடத்தில் இதற்கு நியாயம் இருக்கலாம். ஆனாலும் ஒரே நிர்வாகி மேலேயும் கீழேயும் பதில் சொல்ல வேண்டி வரும்போது, மாற்றல் உத்தரவு எந்தப் பக்கத்திலிருந்து வருமோ அந்தப் பக்கத்துக்கே முதலில் பதில் போகும். இது மனித இயல்பு.

வேலை செய்கிறவரே முதலாளியானால்

ஏற்காட்டில் காப்பி 1820-களில் காலூன்றியது. அன்றைய சேலம் கலெக்டர் காக்பர்ன் அதைக் கொண்டுவந்தார். காப்பியோடு தொடர்புடைய ஒரு கூட்டுறவுக் கதை இந்த இடத்தில் பொருந்தும். காப்பி வாரியம் நடத்திவந்த காப்பி விடுதிகள் 1950-களில் மூடப்பட்டபோது, வேலையிழந்த ஊழியர்கள் கம்யூனிஸ்ட் தலைவர் ஏ.கே.கோபாலனின் தூண்டுதலால் 1957 முதல் ஊர் ஊராகக் கூட்டுறவுச் சங்கங்களை அமைத்துக்கொண்டு, இந்தியன் காப்பி ஹவுஸ் என்று தாமே நடத்தத் தொடங்கினார்கள். தலைப்பாகை கட்டிக் காப்பி கொண்டுவந்து வைப்பவர் அந்த விடுதியின் சொந்தக்காரர்களில் ஒருவர்.

தொழிலாளர் கூட்டுறவில் அதிகாரம் வட்டமாகச் சுற்றுகிறது. காலையில் மேலாளர் பரிமாறுபவரிடம் ஐந்தாம் மேசையைக் கவனிக்கச் சொல்கிறார். பரிமாறுபவர் கேட்டாக வேண்டும், இல்லையென்றால் கடை ஓடாது. ஆண்டுக் கூட்டத்தில் அதே பரிமாறுபவர் எழுந்து, பால் கொள்முதல் விலை ஏன் ஏறியது என்று கேட்கிறார். மேலாளர் பதில் சொல்லியாக வேண்டும். ஒரே இரண்டு பேர், ஆனால் யார் யாருக்குப் பதில் சொல்வது என்பது நாளைப் பொறுத்து மாறுகிறது. புதிதாக இதைக் கேட்பவர்கள் ‘அப்படியென்றால் எல்லோரும் எல்லாவற்றையும் கூடித் தீர்மானிப்பார்களா’ என்று குழம்புவார்கள். அப்படி நடத்தினால் காப்பி ஆறிவிடும். நாள்தோறும் உத்தரவிடும் அதிகாரத்தை ஒருவரிடம் கொடுத்துவிட்டு, அந்த அதிகாரம் எப்படிப் பயன்பட்டது என்று குறித்த நாளில் கேட்பதுதான் முறை. முதலாளி நடத்தும் கடையில் இந்த வட்டத்தின் இரண்டாம் பாதி கிடையாது. அங்கே கேள்வி மேலிருந்து கீழே மட்டும் வரும்.

இந்த வட்டம் நின்றுபோவதும் உண்டு. ஆண்டுக் கூட்டத்தில் கேள்வி கேட்டவருக்கு மறு வாரமே இரவுப் பணி விழுந்தால், அடுத்த ஆண்டு அவர் வாய் திறக்க மாட்டார். பால் சொசைட்டி அம்மாவின் கதைதான், காப்பி மணத்தோடு.

மலையில் கிராம சபை

கிராம சபை என்பது ஓர் ஊராட்சியின் வாக்காளர் பட்டியலில் பெயர் உள்ள அனைவரும் சேர்ந்த அவை. அதற்கு யாரையும் தேர்ந்தெடுத்து அனுப்ப வேண்டியதில்லை, பெயர் இருந்தால் நீங்களே உறுப்பினர். 1993-இல் நடைமுறைக்கு வந்த 73-ஆவது அரசியல் சட்டத் திருத்தமும், 1994-ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டமும் இதற்கு இடம் கொடுத்தன. தமிழ்நாட்டில் ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 ஆகிய நாட்களில் நடந்துவந்த கூட்டத்தோடு, 2022 முதல் மார்ச் 22, நவம்பர் 1 ஆகிய நாட்களும் சேர்ந்தன. ஊராட்சியின் வரவு செலவையும் தணிக்கை அறிக்கையையும் கிராம சபையின் முன் வைக்க வேண்டும்.

நம் உரைகல்லை இங்கே உரசிப் பார்ப்போம். கேட்பவர் உண்டு, கணக்கு உண்டு. ஆனால் கூட்டத்துக்குத் தலைமை வகிப்பவர் ஊராட்சித் தலைவர். தலைவர் இல்லாத காலத்தில் தனி அலுவலர். பதில் சொல்ல வேண்டியவரே எந்தக் கேள்வியை எப்போது எடுப்பது என்று நடத்துகிறார். பற்றாளர் என்ற பெயரில் ஓர் அரசு ஊழியர் வந்து உட்கார்ந்திருப்பார். அவர் எழுதும் குறிப்பு ஓரளவு காவல். சேர்வராயன் மலையில் இன்னொரு தடையும் சேர்கிறது: ஓர் ஊராட்சி என்பது மேட்டிலும் பள்ளத்திலும் காப்பித் தோட்டங்களுக்கு நடுவிலும் சிதறிக் கிடக்கும் பல சிற்றூர்கள். கூட்டம் ஓர் ஊரில் நடந்தால், மற்ற ஊர்க்காரர்கள் ஒருநாள் கூலியை விட்டுவிட்டு நடந்து வர வேண்டும். வராவிட்டால் ‘மக்களுக்கு அக்கறை இல்லை’ என்று சொல்லிவிடுகிறோம். ஒருநாள் கூலி எவ்வளவு என்று யோசிப்பதில்லை. வந்தவர்களிடமும் வாசலிலேயே வருகைப் பதிவேட்டில் கையெழுத்து வாங்கிவிட்டு, அதே கையெழுத்துகளைத் தீர்மானத்துக்கு ஆதரவாகக் காட்டும் பழக்கம் சில ஊர்களில் உண்டு. ஆகவே தீர்மான நோட்டில் என்ன எழுதியிருக்கிறது என்று வாசித்துக் காட்டச் சொன்ன பிறகு கையெழுத்திடுவது நல்லது.

கணக்குக் கொடுக்காதவரை ஒதுக்கிவைப்பது நமக்குப் புதிதும் இல்லை. முதலாம் பராந்தக சோழன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டுகளைக் குடவோலைத் தேர்தலுக்காகவே எல்லோரும் எடுத்துக் காட்டுகிறார்கள். எனக்கு அதில் பிடித்தது வேறொரு வரி: முன்பு வாரியத்தில், அதாவது ஊர்க் குழுவில் இருந்து கணக்குக் காட்டாமல் போனவரின் பெயரையும் அவருடைய நெருங்கிய உறவினரின் பெயரையும் குடத்தில் போடக்கூடாது. கணக்கு, விளைவு இரண்டையும் அந்தக் கல்வெட்டு கெட்டியாகப் பிடித்திருக்கிறது. கேட்பவர் யார் என்பதில்தான் அது குறுகிவிட்டது. நிலமும் வேதக் கல்வியும் உள்ள பிராமண ஆண்களின் சபை அது, உழுதவர்களும் நெய்தவர்களும் அதற்கு வெளியே நின்றார்கள்.

சுருக்கமாக: கூட்டுறவிலும் கிராம சபையிலும் கேட்பவருக்கு உரிமை சட்டத்திலேயே இருக்கிறது. அது பலிக்காமல் போவது இரண்டு காரணங்களால்: கேட்பவர் அஞ்சும் நிலையில் இருக்கிறார், அல்லது கணக்கு அவர் கண்ணில் படுவதில்லை. இரண்டாவதற்கு ஒரு சாவி இருக்கிறது.

நோட்டைத் திறக்கும் சாவி

ராஜஸ்தானில் மஸ்தூர் கிசான் சக்தி சங்கடன் என்ற அமைப்பு 1994-இல் ஒரு புதுமையைச் செய்தது. அரசு வேலைகளுக்குக் கூலி கொடுத்ததாகக் காட்டும் பதிவேடுகளின் நகலை வாங்கி, ஊர் நடுவில் சத்தம் போட்டு வாசித்தார்கள். பெயர் வாசிக்கப்பட்டதும், ‘நான் அந்த வேலைக்கே போகவில்லை’ என்று ஆட்கள் எழுந்தார்கள். செத்துப்போனவர்களின் பெயர்களும் வந்தன. எழுத்தறியாதவரும் தணிக்கை செய்யலாம் என்பது அன்றைக்குத் தெரிந்தது, ஏனென்றால் தான் வேலைக்குப் போனோமா என்பது எல்லோருக்கும் தெரியும். பயனாளிகளே கணக்கைச் சரிபார்க்கும் இந்த முறைக்குச் சமூகத் தணிக்கை என்று பெயர். 2005-ஆம் ஆண்டின் ஊரக வேலை உறுதிச் சட்டம் தன் 17-ஆம் பிரிவில் அதைக் கிராம சபையின் கடமையாக்கியது.

அதே ஆண்டு வந்தது தகவல் அறியும் உரிமைச் சட்டம். தமிழ்நாடு 1997-லேயே இப்படி ஒரு சட்டம் இயற்றியது என்பது பலருக்கும் நினைவில் இல்லை. அதில் விலக்குகள் அதிகம் என்பதால் மறந்ததிலும் பெரிய நஷ்டம் இல்லை. 2005-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி ஒரு வெள்ளைத்தாளில் எழுதி, பத்து ரூபாய்க்கு நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி அனுப்பினால், 30 நாட்களுக்குள் பதில் வர வேண்டும். எதற்காகக் கேட்கிறீர்கள் என்று அவர்கள் கேட்கக்கூடாது. பதில் வராவிட்டால் அதே அலுவலகத்தில் மேலதிகாரியிடம் முதல் மேல்முறையீடு, அதன்பின் 90 நாட்களுக்குள் மாநிலத் தகவல் ஆணையத்தில் இரண்டாவது. காரணமில்லாமல் தாமதித்த அலுவலருக்கு நாளொன்றுக்கு ரூ. 250 வீதம் அதிகபட்சம் ரூ. 25,000 அபராதம்.

சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் தெருச் சாக்கடைக்கு மூடி போட்டார்கள். எல்லா இடத்திலும் போடவில்லை. நான் எழுதிக் கேட்டதற்கு, கோரிய தகவல் தொகுத்து வைக்கப்படவில்லை என்று ஒரு வரியில் பதில் வந்தது. தவறு என்மேலும் இருந்தது. ‘ஏன் போடவில்லை’ என்று கேட்டிருந்தேன். அந்தச் சட்டம் ஆவணத்தைத் தரும், காரணத்தை யோசித்து எழுதித் தராது. அடுத்த முறை, எம்-புக் என்று ஒப்பந்தக்காரர்கள் சொல்லும் அளவுப் புத்தகத்தின் அந்தப் பக்கத்து நகலை மட்டும் கேட்டேன். வந்தது. அதில் 14 மூடிகள். தெருவில் நடந்து எண்ணினால் 11. அந்தத் தாளை எடுத்துக்கொண்டு போனபோதுதான் பேச்சின் தொனி மாறியது. மீதி மூன்றும் இரண்டு வாரத்தில் வந்தன. யாருக்கு என்ன தண்டனை கிடைத்தது என்று எனக்குச் சொல்லவில்லை. ஆகவே என் கதையில் கணக்கு திறந்தது, விளைவு மூடியே இருந்தது. வெளிப்படைத்தன்மை, அதாவது கணக்கைப் பார்க்க முடிவது, பதில் சொல்லும் கடமையில் ஒரு பகுதிதான். இரண்டையும் ஒன்றாக எண்ணிக்கொள்வது பரவலான பிழை.

கூட்டுறவுச் சங்கங்களுக்கு இந்தச் சட்டம் பொருந்துமா என்பதில் குழப்பம் உண்டு. உச்ச நீதிமன்றம் 2013-இல் கேரளத்துத் தலப்பாலம் கூட்டுறவு வங்கி வழக்கில், அரசு நிதியால் பெருமளவு நடக்காத சங்கம் இந்தச் சட்டத்தின்கீழ் நேரடியாக வராது என்றது. ஆனால் பதிவாளர் அலுவலகம் வரும், சங்கத்திடமிருந்து சட்டப்படி அவர் பெறக்கூடிய தகவலை அவரிடம் கேட்கலாம் என்றும் சொன்னது. முன்கதவு மூடியிருந்தால் பக்கத்துக் கதவு.

சட்டமன்றம், நாடாளுமன்றம்

நாட்டளவில் போனாலும் உறுப்புகள் அதே மூன்றுதான். அரசியல் சட்டத்தின் 75-ஆம் பிரிவு, மத்திய அமைச்சரவை மக்களவைக்குக் கூட்டாகப் பொறுப்பு என்கிறது. 164-ஆம் பிரிவு மாநில அமைச்சரவையைச் சட்டமன்றத்துக்கு அப்படியே கட்டிப்போடுகிறது. கூட்டுப் பொறுப்பு என்றால், ஓர் அமைச்சரின் முடிவுக்கு எல்லா அமைச்சர்களும் சேர்ந்தே நிற்க வேண்டும், அவையின் நம்பிக்கை போனால் எல்லோரும் சேர்ந்தே இறங்க வேண்டும். 1999 ஏப்ரலில் வாஜ்பாய் அரசு 269-க்கு 270 என்று ஒரே ஓட்டில் இறங்கியது இப்படித்தான். இது பெரிய சம்மட்டி; மூன்று சாக்கடை மூடிக்காக அதை ஓங்க முடியாது. அன்றாட வேலைக்குக் கேள்வி நேரம் இருக்கிறது. அதில் எழுத்தில் வரும் பதிலைவிட, அதைத் தொடர்ந்து எழுப்பும் துணைக் கேள்விகளே அமைச்சரை வியர்க்கவைக்கும், ஏனென்றால் அதற்கு முன்கூட்டியே எழுதிவைத்த விடை இருக்காது.

கணக்கைச் சரிபார்ப்பவர் தலைமைக் கணக்குத் தணிக்கையாளர், செய்திகளில் சி.ஏ.ஜி என்று வருவார். நான்காவது விதி மிக அழகாகப் பின்பற்றப்பட்டிருக்கும் இடம் இது. உச்ச நீதிமன்ற நீதிபதியை நீக்கும் முறையில்லாமல் அவரை நீக்க முடியாது. அவர் சம்பளம் ஆண்டுதோறும் அவையின் ஓட்டுக்கு விடப்படுவதில்லை. பதவி முடிந்தபின் வேறு அரசுப் பதவியும் கிடையாது. மிரட்டவும் முடியாது, ஆசை காட்டவும் முடியாது. அவருடைய அறிக்கை அவையில் வைக்கப்பட்டு, 22 உறுப்பினர்கள் கொண்ட பொதுக் கணக்குக் குழுவுக்குப் போகிறது. அதில் அமைச்சர்கள் இருக்கக்கூடாது. 1967 முதல் எதிர்க்கட்சியைச் சேர்ந்தவரே தலைவராக இருப்பது மரபு. செயலாளர்கள் வந்து அங்கே விளக்கம் சொல்கிறார்கள். குறை என்னவென்றால், அறிக்கை பல நேரங்களில் காலம் கடந்து வருகிறது. அதற்குள் முடிவெடுத்தவர் ஓய்வே பெற்றிருப்பார்.

இரண்டு ராஜினாமாக்கள்

பதில் சொல்லும் கடமை என்றதும் மேடைகளில் சொல்லப்படுவது லால் பகதூர் சாஸ்திரியின் கதை. 1956 நவம்பரில் அரியலூர் அருகே மருதையாற்றுப் பாலம் வெள்ளத்தில் போய், தூத்துக்குடி எக்ஸ்பிரஸ் ஆற்றுக்குள் விழுந்தது. நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். ரயில்வே அமைச்சராக இருந்த சாஸ்திரி பதவி விலகினார். உயர்ந்த செயல், சந்தேகம் இல்லை. ஆனால் அதில் யாரும் அவரைக் கேட்டுக் கட்டாயப்படுத்தவில்லை. அவருடைய மனச்சாட்சி கேட்டது. மனச்சாட்சியை நம்பி ஓர் அமைப்பைக் கட்ட முடியாது.

அதற்கு அடுத்த ஆண்டு நடந்த முந்த்ரா விவகாரத்தையே நான் பாடமாக வைப்பேன். புதிதாகத் தேசியமயமான எல்.ஐ.சி, ஹரிதாஸ் முந்த்ராவின் ஆறு நிறுவனங்களில் ரூ. 1 கோடியே 24 லட்சம் முதலீடு செய்தது. 1957 டிசம்பரில் பெரோஸ் காந்தி மக்களவையில் அதைத் தோண்டி எடுத்தார். அவர் ஆளுங்கட்சிக்காரர், பிரதமரின் மருமகனும்கூட. நீதிபதி சாக்லா தலைமையில் ஒருநபர் ஆணையம் பொதுமக்கள் முன்னிலையிலேயே சாட்சிகளை விசாரித்து, வாரக் கணக்கில் முடித்தது. நிதியமைச்சர் டி.டி.கிருஷ்ணமாச்சாரி 1958 பிப்ரவரியில் விலகினார். கேட்டவர், திறந்த கணக்கு, விளைவு: மூன்றும் அமைச்சரின் கைக்கு வெளியே இருந்தன.

இன்றைக்கு ஆளுங்கட்சி உறுப்பினர் ஒருவர் அப்படிக் கேட்பது ஏன் அரிதாகிவிட்டது என்பதற்குப் பல காரணங்கள் சொல்லலாம். அவற்றில் ஒன்று 1985-இல் வந்த கட்சித் தாவல் தடைச் சட்டம். கொறடா உத்தரவை மீறி ஓட்டுப் போட்டால் உறுப்பினர் பதவியே போய்விடும். விலைக்குப் போகும் உறுப்பினர்களைத் தடுக்க வந்த சட்டம் அது, அந்த நோக்கத்தில் குறை சொல்ல மாட்டேன். கேள்வி கேட்பதை அது தடுக்கவும் இல்லை. ஆனால் அமைச்சரவையைக் கேட்க வேண்டிய உறுப்பினர், தன் பதவிக்கும் அடுத்த சீட்டுக்கும் அதே அமைச்சரவையை நடத்தும் கட்சித் தலைமையை நம்பி நிற்கிறார். பால் தூக்கோடு வரிசையில் நிற்கும் அந்த அம்மாவை இந்த இடத்தில் மறுபடியும் பார்க்கலாம். இம்முறை அவர் வெள்ளை வேட்டி கட்டியிருக்கிறார்.

‘அதற்குத்தான் தேர்தல் இருக்கிறதே’ என்பார்கள். தேர்தல் விளைவுதான், அதுவும் வலிமையான விளைவு. ஆனால் ஐந்தாண்டில் எடுத்த ஆயிரம் முடிவுகளுக்கும் சேர்த்து ஒரே ஒரு பொத்தானை அழுத்துகிறோம். தண்ணீர்க் குழாய்க்காகக் கோபப்பட்டோமா, பட்டாவுக்காகவா என்று அந்தப் பொத்தான் சொல்லாது. தேர்தல் ஆளை மாற்றும், நோட்டைத் திறக்காது.

எங்கிருந்து தொடங்குவது

எந்த அமைப்பிலும் தணிக்கை அறிக்கைதான் நல்ல தொடக்கம், ஏனென்றால் அதை எழுதியவருக்கு நாளைக் காலை அந்தச் சொசைட்டியில் பால் ஊற்ற வேண்டிய அவசியம் இல்லை. மகாசபையில் வரவு செலவை மட்டும் வேகமாக வாசித்துவிட்டு ‘எல்லோருக்கும் சம்மதந்தானே’ என்பார்கள். கைதட்டுவதற்கு முன் எழுந்து, அறிக்கையின் குறைபாடுகள் பகுதியை வாசிக்கச் சொல்லலாம். தனியாக எழுந்தால் தூக்கு நினைவுக்கு வரும்; ஆறேழு பேராகப் பேசிவைத்துக்கொண்டு எழுந்தால் யாருடைய கொழுப்பு எண்ணைக் குறைப்பது என்று மிஷினுக்குக் குழப்பமாகிவிடும். அந்தப் பகுதியில் ஒவ்வொரு குறைக்கும் எதிரே அது எப்போது சரிசெய்யப்பட்டது என்று எழுதியிருக்க வேண்டும். போன ஆண்டு அறிக்கையையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒரே குறை இரண்டு ஆண்டும் வந்திருந்து, எதிரே உள்ள இடம் இரண்டு ஆண்டும் காலியாக இருந்தால், உங்கள் முதல் கேள்வி அதுதான்.